கடிக்காத மனிதன்

லோட்வார் ஊரில் எங்கள் மூதாதையர் ஆய்வு நிலையத்தின் வாசலில் ஒரு பித்தளைப் பலகை இருக்கிறது. கடிக்காத மனிதனின் கீழ்த்தாடை, பல ஆண்டுத் திட்டமிட்ட தேடலின் பயனாக, இயக்குநர் டாக்டர் மசின்டே அவர்களால் கண்டெடுக்கப்பட்டது என்று அதில் பொறித்திருக்கிறார்கள். அந்தத் தேடலில் நானும் இருந்தேன். டாக்டர் மசின்டே காலையிலிருந்து குடைக்கடியில் மடக்கு நாற்காலியில் உட்கார்ந்து பாட்டில் பாட்டிலாகச் சோடா குடித்துக்கொண்டிருந்தார். மற்றவர்கள் வெயிலில் வரிசையாகக் குனிந்து நடந்தார்கள். அவருக்கு அவசரம் வந்தது. முள்மரத்துக்குப் பின்னால் போனார். போனவர் கால்சட்டையைக்கூடச் சரியாகப் போடாமல் கத்திக்கொண்டு ஓடிவந்தார்.

தாடையை முதலில் நன்றாகக் கழுவ வேண்டியிருந்தது. பலகையில் அதைப் பற்றி ஒன்றும் இல்லை.

நான் எசெகோன். அந்த நிலையத்தில் மொழிபெயர்ப்பாளர். துர்க்கானா பேசும் எங்கள் சனத்துக்கும் பேசாத அறிஞர்களுக்கும் நடுவில் நிற்பது என் வேலை. அறிஞர்கள் கால்மணி நேரம் பேசியதை நான் ஒரு வரியில் முடித்துவிடுவேன். எங்கள் சனம் ஒரு வரியில் திட்டியதை, 'வந்ததில் மகிழ்ச்சி என்கிறார்' என்று மாற்றிவிடுவேன். இதனால் இரண்டு தரப்புக்கும் என்மேல் நல்ல அபிப்பிராயம் இருந்தது.

தாடையில் முன்பக்கம் இரண்டு பல் இல்லை. செத்த பிறகு விழுந்ததும் அல்ல. பல் இருந்த குழியே எலும்பு மூடிப்போய் வழவழப்பாக இருந்தது. அறிஞர்கள் அதிசயித்தார்கள். எங்கள் ஆட்களில் வயதான யாரையாவது சிரிக்கச் சொன்னால் அதிசயம் தீர்ந்திருக்கும். சின்ன வயதிலேயே கீழ்வரிசையில் முன்பல் இரண்டையும் நெம்பி எடுத்துவிடுவது எங்கள் வழக்கம். நோய் வந்து வாய் பூட்டிக்கொண்டால் அந்தச் சந்து வழியாகப் பால் ஊற்றலாம். பெரியவர்கள் ஆசி வழங்குவதும் அந்தச் சந்து வழியாகத்தான். புகையிலையை மென்று பொடித்தூறலாகத் துப்புவார்கள். நிலையத்தின் காவல்காரர் தினமும் காலையில் அந்தச் சந்து தெரியச் சிரித்து இயக்குநருக்குச் சலாம் வைப்பார். இயக்குநர் கைப்பேசியைப் பார்த்தபடியே உள்ளே போவார்.

நான் ஒருமுறை சொல்லிப் பார்த்தேன்.

"எசெகோன், நீ மொழிபெயர்ப்பாளர்தானே?" என்றார் டாக்டர் மசின்டே.

"ஆமாங்க."

"அவங்க சொல்றதை நீ சொல்லு. எலும்பு சொல்றதை நான் சொல்றேன். ஒருத்தர் வேலையில இன்னொருத்தர் கை வைக்கக் கூடாது."

பத்திரிகைக்காரர்களைக் கூப்பிட்டு அவர் பேசிய பேச்சு எனக்கு மனப்பாடம். "பதினைந்து லட்சம் ஆண்டுகளுக்கு முன், ஒருவரை ஒருவர் கடித்துக் குதறிக்கொண்டிருந்த காலத்தில், ஒருவன் மட்டும் இனி நான் கடிக்க மாட்டேன் என்று முடிவெடுத்தான். தேவையில்லாத முன்பற்களை இயற்கை திரும்ப வாங்கிக்கொண்டது. அன்றைக்குத்தான் ஒழுக்கம் பிறந்தது. அது இந்த நிலையத்தில் பிறந்தது என்றுகூட நான் சொல்லலாம், தன்னடக்கம் தடுக்கிறது."

கடைவாய்ப்பல் ஒன்று உடைந்திருக்கிறதே என்று ஒரு நிருபர் கேட்டார்.

"மஜ்ஜைக்காக எலும்பைப் பல்லால் உடைத்திருக்கிறான்."

"கடிக்காத மனிதன் எலும்பை உடைத்தானா?"

"அன்போடு உடைத்தான்" என்றார் இயக்குநர். எல்லாரும் எழுதிக்கொண்டார்கள். பல்லெல்லாம் புகையிலைக் கறையாக இருந்ததற்கு மாங்கனீசுப் படிவு என்று பெயர் வைத்தார்கள்.

நிலையத்துக்குக் காசு கொடுத்த தேயிலைக் கம்பெனி அந்தத் தாடையின் படத்தைத் தன் பொட்டலத்தில் அச்சடித்தது. 'கடிக்க வேண்டாம், குடியுங்கள்' என்று கீழே ஒரு வாசகம். எல்லாம் அந்தப் பொட்டலத்தால் வந்த வினை. வறண்ட ஆற்றங்கரையில் இருக்கும் ஒரு கடையில் மகள் கல்யாணத்துக்குத் தேயிலை வாங்கப் போன அபுவா, பொட்டலத்தைத் திருப்பிப் பார்த்தாள். செத்துப்போன தன் புருஷனின் பல் அதில் இருந்தது.

லாரியில் ஏறி வந்துவிட்டாள். கழுத்து நிறைய மணிமாலை, காலில் டயர் செருப்பு, கையில் பொட்டலம். வரவேற்பு அறைச் சோபாவை ஏற இறங்கப் பார்த்துவிட்டுத் தரையில் உட்கார்ந்தாள்.

"இது எங்க வீட்டுக்காரரு எகுவாம். கடைவாய்ப்பல்லு சோடா மூடியைத் திறக்கப் போய் உடைஞ்சது. சொன்னாக் கேக்குற ஆளா? மழையில வெள்ளம் வந்து சமாதிக் கல்லெல்லாம் உருட்டிட்டுப் போயிருக்கு. மத்ததெல்லாம் கிடக்கு, தாடையை மட்டும் காணோம். பொட்டலத்துல சிரிச்சிக்கிட்டிருக்காரு."

நான் இயக்குநரிடம் சொன்னேன். அவர் பொறுமையாகப் புன்னகைத்தார். பாமரர்களிடம் பேசுவதற்கென்று அவரிடம் ஒரு தனிப் புன்னகை உண்டு.

"அம்மா, இதுக்கு வயசு பதினஞ்சு லட்சம் வருஷம். உங்க வீட்டுக்காரர் எப்போ தவறினார்?"

"பெரிய பஞ்சத்துக்கு முந்தின மழையில."

"அப்போ இது அவர் இல்லை."

"எலும்பைப் பாத்துட்டா சொல்றே?"

"எலும்பைப் பாக்கலை. அது கிடந்த எரிமலைச் சாம்பல் மண்ணைப் பாத்தோம். அந்த மண்ணுக்குப் பதினஞ்சு லட்சம் வயசு."

அபுவா கொஞ்சம் யோசித்தாள். "நீயும் அந்த மண்ணு மேலதானே நாற்காலி போட்டு உக்காந்திருந்தே? உனக்கு எத்தனை லட்சம்?"

"என்ன சொல்றாங்க?" என்றார் இயக்குநர்.

"உங்கள் ஆரோக்கியம் விசாரிக்கிறார்" என்றேன்.

அபுவா விஷயத்தைச் சொன்னாள். மகள் அகிடேலாவுக்கு மாப்பிள்ளை வந்தாயிற்று. மாப்பிள்ளை வீட்டார் காளையைக் கொண்டுவந்து கட்டியும் ஆயிற்று. கல்யாணக் காளையை ஈட்டியால் குத்துவதற்கு முன்னால் பெண்ணின் அப்பா ஆசியாகத் துப்ப வேண்டும். அப்பா இல்லாவிட்டால் சமாதியில் புகையிலை வைக்க வேண்டும்; அவருடைய அண்ணன் நின்று, 'தம்பி மென்னுட்டான், சம்மதம்' என்று அறிவிக்க வேண்டும். எகுவாமின் அண்ணன் லொபெயோக் சமாதியைப் பார்த்துவிட்டு வாயைத் திறக்க மறுக்கிறார். தாடை இல்லாதவன் எதை வைத்து மெல்லுவான் என்று கேட்கிறார். புல் இல்லாத காலம். கட்டிய இடத்தில் காளை இளைக்கிறது. வேறு இடத்தில் பெண் பார்க்கலாமா என்று மாப்பிள்ளை வீட்டில் பேச்சு கிளம்பிவிட்டது.

"தாடையைக் குடு. புதைச்சிட்டுக் கல்யாணத்தை முடிச்சிக்கிறேன்" என்றாள்.

"அம்மா, இவர் உங்க ஒருத்தர் சொத்து இல்லை. மனித குலம் முழுசுக்கும் மூதாதை. நாளைக்கு ஜப்பான்காரன் வந்து எங்கே எங்க தாத்தான்னு கேட்டா நான் என்ன பதில் சொல்றது?"

"ஜப்பான்காரன் பொண்ணுக்குமா கல்யாணம் நிக்குது?"

இதை நான் அப்படியே மொழிபெயர்த்தேன். இயக்குநர், பொதுமக்களின் ஆர்வம் மகிழ்ச்சியளிக்கிறது என்றார்.

அபுவா போகவில்லை. வாசலில் இருந்த முள்மர நிழலில் தங்கிவிட்டாள். அந்தச் சமயத்தில்தான் வெளிநாட்டிலிருந்து பேராசிரியர் ப்ரூக்னர் வந்து சேர்ந்தார். தாடையைக் கையுறை போட்ட கையால் தூக்கி, கண்ணை மூடி, மோந்து பார்த்தார். மோவாய் எலும்பு மெலிந்திருக்கிறது, ஆகவே இது பெண், வயது பதினாறு இருக்கும், ஆதித்தாய் என்று அறிவித்தார். டாக்டர் மசின்டே மேசையைக் குத்தினார். ஆண் என்றார். பொட்டலத்தில் ஆண் என்று அச்சடித்தாகிவிட்டது என்றார். இரண்டு படித்த மனிதர்கள் ஒரு தாடையை ஆளுக்கொரு பக்கம் பிடித்துக்கொண்டு 'அவன்', 'அவள்' என்று இழுத்ததை நான் என் கண்ணால் பார்த்தேன்.

அபுவாவிடம் போய்ச் சொன்னேன். "அக்கா, உங்க வீட்டுக்காரர் பதினாறு வயசுப் பொண்ணாம்."

"எனக்கு எட்டுப் புள்ளை பொறந்துச்சு. அந்தப் பொண்ணு குடுத்ததுதானா?" என்று சிரித்தாள். சிரித்து ஓய்ந்த பிறகு வேறு குரலில் பேசினாள். "கடைசியில அவருக்கு வாய் பூட்டிக்கிச்சு தம்பி. ஒரு வாரம் நான்தான் அந்தச் சந்து வழியா ஒட்டகப் பாலை ஊத்தினேன். தொண்டையில இறங்குற சத்தத்தைக் கேட்டுக்கிட்டே உக்காந்திருப்பேன். அந்தச் சந்தை எனக்குத் தெரியாதா? இவனுங்க அளவுகோல் வச்சா தெரிஞ்சுக்குவானுங்க?"

பால் விஷயம் குறித்து நிலையம் கவலைப்படவில்லை. ஆண் பெண் விஷயத்துக்கு மட்டும் ஒரு குழு போட்டது. தாடையின் பால் குறித்து நிலையம் நடுநிலை வகிக்கிறது என்று குழு முடிவு சொன்னது.

பிறகு லொபெயோக்கே வந்தார். நெடுநெடுவென்ற உருவம், தொப்பியில் தீக்கோழி இறகு, கையில் உட்காரும் சின்ன மரமுக்காலி. வாசலில் மாட்டியிருந்த 'கடிக்காத மனிதன்' பலகையை நான் படித்துக் காட்டினேன். அவர் சிரித்த சிரிப்பில் இருமல் வந்து, காவல்காரர் முதுகைத் தட்டிவிட வேண்டியதாயிற்று.

"கடிக்காதவனா? எகுவாமா? இந்தக் காதைப் பாருங்கடா!"

வலது காதை மடித்துக் காட்டினார். ஒட்டகத்தைப் பங்கு போட்ட சண்டையில் தம்பி கடித்தது. காதின் முன்பக்கம் பல் தடம் வரிசையாக இருந்தது. பின்பக்கம் வரிசைக்கு நடுவில் இரண்டு பல் அளவுக்கு இடைவெளி.

"அந்தத் தாடையைக் கொண்டா. இதுல வச்சுப் பாரு. பொருந்தலேன்னா நான் பேசாமப் போயிடறேன்."

ஒரு இளம் ஆய்வாளர் தாடையை எடுக்கப் போனார். இயக்குநர் கையைக் காட்டி நிறுத்தினார். உள்ளே போய் சட்டப் பிரிவுக்குத் தொலைபேசினார். திரும்பி வந்தபோது அவர் முகத்தில் அந்தத் தனிப் புன்னகை இருந்தது.

"தொல்பொருளின் சுவடு பதிந்த எதுவும் தொல்பொருளே. சட்டம் அப்படித்தான் சொல்லுது. ஐயாவோட காது இன்னையிலேர்ந்து தேசத்தின் சொத்து."

"ஆனா சார், காதுக்குச் சொந்தக்காரர் உயிரோட இருக்காரே" என்றார் இளம் ஆய்வாளர்.

"அப்போ பாதுகாப்பு நிலை அருமையா இருக்குன்னு அர்த்தம். எழுதிக்கோ."

"கடிக்காத மனிதன் கடிச்சிருக்கானே சார்?"

"கடிச்சிட்டு வருந்தினான். அதுக்கப்புறம்தான் நிறுத்தினான். மனிதனுடைய முதல் வருத்தத்துக்குக் கிடைச்ச ஒரே சான்று இந்தக் காது."

அழியாத மையால் காதில் ஓர் எண் எழுதினார்கள். சோப்புப் போடக்கூடாது, வெயிலில் அதிகம் காட்டக்கூடாது, மாவட்ட எல்லையைத் தாண்டக்கூடாது என்றார்கள்.

"அப்போ எல்லைக்கு அந்தப் பக்கம் இருக்கிற என் ஒட்டகத்தை யார் பாப்பா?" என்றார் லொபெயோக்.

"காது மட்டும்தான் அரசாங்கத்துக்குச் சொந்தம். மத்த உடம்போட ஐயா எங்க வேணாலும் போகலாம்" என்றார் இயக்குநர். அவர் விளையாட்டுக்குச் சொல்லவில்லை. விளையாட்டுக்குப் பேசும் வழக்கம் அவருக்கு இல்லை.

லொபெயோக் முள்மரத்தடிக்கு வந்து முக்காலியைப் போட்டு உட்கார்ந்தார். அபுவா அவர் காதைப் பார்த்தாள். ஆட்டைத் திருடுகிறவன் ராத்திரியில் வருவான், முகத்தை மறைத்துக்கொண்டு வருவான். நிலையத்துக்காரர்கள் பகலில், பலகை மாட்டி, குளிர்பானம் கொடுத்துத் திருடுகிறார்கள். எனக்கு அந்தக் கட்டடத்துக்குள் திரும்பிப் போகவே அருவருப்பாக இருந்தது. போனேன்.

திறப்பு விழா நெருங்கியது. கண்ணாடிப் பெட்டி, நீலவிளக்கு, தேயிலைக் கம்பெனியின் தோரணம். நிகழ்ச்சி நிரலில் 'பாரம்பரிய ஆசி' என்று ஒரு வரி இருந்தது. ஆசி வழங்க ஆள் இல்லை. இயக்குநர் தானே முள்மரத்தடிக்கு வந்தார்.

"அம்மா, உங்க முறைப்படி ஆசி வழங்குங்க. முடிஞ்சதும் தாடையை உங்க கையிலேயே கொடுக்கிறேன்."

"சத்தியமா?"

"சத்தியமா."

அபுவா லொபெயோக்கைப் பார்த்தாள். அவர் தலையை ஆட்டினார். அன்று மாலையே மகளுக்குச் சொல்லி அனுப்பினாள். காளைக்குத் தண்ணீர் காட்டச் சொன்னாள்.

விழாவில் அவள் மேடையேறியபோது வாயில் புகையிலை அடக்கியிருந்தாள். கண்ணாடிப் பெட்டிக்கு முன்னால் நின்று எகுவாமைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். நீலவிளக்கில் அவருடைய உடைந்த கடைவாய்ப்பல் தெரிந்தது. அவள் பெட்டியைத் தொடப் போனாள், காவலர் தடுத்தார். இயக்குநர் ஒலிபெருக்கியில், ஆசி தொடங்குவதற்கு முன்பே வாக்கைக் காப்பாற்றுவது நிலையத்தின் பண்பாடு என்று சொல்லி, பட்டுத்துணியில் சுற்றிய தாடையை அவள் கையில் வைத்தார். கைதட்டினார்கள்.

அபுவா துணியைப் பிரித்தாள். கையில் வைத்துத் தூக்கிப் பார்த்தாள். நாக்கின் நுனியால் தொட்டாள்.

"சுண்ணாம்பு" என்றாள்.

"அச்சு அசல் நகல். அசல் உலகத்துக்கு, நகல் குடும்பத்துக்கு" என்றார் இயக்குநர். "இப்போ ஆசியைத் தொடங்கச் சொல்லு எசெகோன்."

நான் சொல்ல வேண்டிய அவசியம் இருக்கவில்லை. ஆசி என்றால் அது பொடித்தூறலாக வரும், முகத்தில் பனி பட்டது போல இருக்கும். இது அப்படி வரவில்லை. இரண்டு பல் சந்து வழியாக ஒரே தாரையாக, கரும்பழுப்பாக, நேராக வந்து டாக்டர் மசின்டேயின் மூக்குக்கண்ணாடியில் விழுந்து, வழிந்து, டையில் இறங்கியது. எங்கள் சனம் மூச்சை அடக்கிக்கொண்டது. வெளிநாட்டு விருந்தாளிகள் எழுந்து நின்று கைதட்டினார்கள். பேராசிரியர் ப்ரூக்னர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

இயக்குநர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். திரும்ப மாட்டினார். இத்தனை காலத்தில் முதல் தடவையாக எங்கள் சனத்தில் ஒருவர் வாயை உற்றுப் பார்த்தார். கீழ்வரிசை. நடுவில் சந்து. திரும்பி கண்ணாடிப் பெட்டியைப் பார்த்தார். அதே சந்து. முகம் வெளுத்தது. முடிந்தது, இனி இந்த ஆள் உண்மையைச் சொல்லித்தான் ஆக வேண்டும் என்று நான் நினைத்தேன். அவருக்குப் புரிந்துவிட்டது. அதில் எனக்கு இன்றைக்கும் சந்தேகம் இல்லை.

பிறகு அந்தத் தனிப் புன்னகை மெல்லத் திரும்பி வந்தது.

"நண்பர்களே! இன்று நமக்கு இரண்டாவது கண்டுபிடிப்பு கிடைத்திருக்கிறது. கடிக்காத மனிதன் அழியவில்லை. பதினைந்து லட்சம் ஆண்டுகளாக இந்தப் பாலைவனத்தில் பல்லை இழந்தபடியே வாழ்ந்துகொண்டிருக்கிறான். இதோ, அவன் வம்சம்!"

கைதட்டல் ஓயவே இல்லை. தேயிலைக் கம்பெனிக்காரர் அபுவாவைப் பக்கவாட்டில் நிறுத்திப் படம் எடுத்தார்.

நாங்கள் மூன்று பேரும் லாரியில் ஊர் திரும்பினோம். நான் விடுப்புக்கூடச் சொல்லவில்லை. சுண்ணாம்புத் தாடையைச் சமாதியில் வைத்து அதன்மேல் புகையிலை வைத்துப் பார்த்தார்கள். காலையில் புகையிலை அப்படியே இருந்தது. லொபெயோக் அதை எடுத்து ஆற்றுப் பக்கம் வீசினார். மாப்பிள்ளை வீட்டுப் பெரியவர்கள் காளையை அவிழ்க்க எழுந்தார்கள். அகிடேலா குடிசைக்குள்ளே இருந்தாள். அவள் அழும் சத்தம் வெளியே கேட்டது.

"உக்காருங்க" என்றாள் அபுவா. "அவரு வாயை அவனுங்க பெட்டியில பூட்டிட்டானுங்க. என் வாயை இன்னும் யாரும் பூட்டலை."

பெண் துப்பி ஆசி வழங்கிக் காளை குத்தியது எங்கள் பக்கத்தில் நடந்ததில்லை. எல்லாரும் லொபெயோக்கைப் பார்த்தார்கள். அவர் எண் எழுதிய காதைத் தடவிக்கொண்டார்.

"அவன் சந்து வழியா அவ ஊத்தின பால் போச்சு. அவன் ஆசி அவ சந்து வழியா வரட்டும். தம்பி மென்னுட்டான், சம்மதம்."

அபுவா துப்பினாள். இந்தத் தடவை பனியாக வந்தது. அகிடேலாவின் முகத்திலும் மாப்பிள்ளை முகத்திலும் காளையின் நெற்றியிலும் விழுந்தது. காளை சாய்ந்தது. பெண்கள் பாட ஆரம்பித்தார்கள்.

பாட்டு பாதியில் நின்றது. நிலையத்தின் வண்டி புழுதியோடு வந்து நின்றது. டாக்டர் மசின்டேயும் அளவுகோல் வைத்திருந்த நாலைந்து பேரும் இறங்கினார்கள். விருந்தாளிகளின் வாயை அளக்க வேண்டுமாம். உயிருள்ள மாதிரிகளாம். கூட்டம் மொத்தமும் வாயை மூடிக்கொண்டது. கல்யாண வீட்டில் ஒருவர் சிரிக்கவில்லை, ஒருவர் மெல்லவில்லை, கறி ஆறிக்கொண்டிருந்தது. இயக்குநர் நேராக அபுவாவிடம் வந்து ஒரு காகிதத்தை நீட்டினார். அவள் காலத்துக்குப் பிறகு அவளுடைய தாடை நிலையத்துக்கு வர வேண்டும் என்று அதில் இருந்தது.

அபுவா காகிதத்தைத் தொடவில்லை. பிள்ளைகளைக் கூப்பிட்டாள். எங்கள் வழக்கத்தில் குடும்பத்துக்குப் பெரியவர்களைத்தான் கல் அடுக்கிப் புதைப்போம். மற்றவர்களைக் காட்டில் போட்டுவிடுவோம். எட்டுப் பிள்ளை பெற்றவளுக்குக் கல் அடுக்குவது அவளுக்குச் செய்ய வேண்டிய மரியாதை.

"எனக்குச் சமாதி வேணாம்" என்றாள். "என்னைத் தூக்கிக் காட்டுல போட்டுடுங்க. கழுதைப்புலி தின்னட்டும். அது தின்னாலும் பேரு வைக்காது. பொட்டலத்துல போடாது. அது கிட்ட ஒரு மரியாதை இருக்கு."

மூத்த மகன் அழுதான். லொபெயோக் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

"என்ன சொல்றாங்க?" என்றார் இயக்குநர்.

நான் எதையும் குறைக்கவில்லை, எதையும் மாற்றவில்லை. அவள் சொன்னதைச் சொன்னபடியே, ஒவ்வொரு வார்த்தையாக அவரிடம் சொன்னேன். அவர் கவனமாகக் கேட்டார். பேனாவை எடுத்தார்.

"கழுதைப்புலிக் குகையில எலும்பு ரொம்ப நல்லா கெடாம இருக்கும்" என்றார். "இந்தப் பக்கத்துக் கழுதைப்புலி எந்தக் குகையில தங்குதுன்னு கேளு."